முதற்சொல்லைத் தேர்ந்தெடுப்பது எப்படி? பாட்டியல் பொருத்தம், தொடங்குபவர்களுக்கு

அரசன் மேலோ வள்ளல் மேலோ நூல் பாட உட்கார்ந்த பழந்தமிழ்ப் புலவருக்கு முதல் வேலை, ஒரு சொல்லைத் தேடுவது. முதற்பாட்டில், முதலடியில், முதலாவதாக நிற்கப்போகிற சொல். அது பிசகினால் பாட்டின் அழகு கெடும் என்பதோடு அந்தக் காலத்து நம்பிக்கை நிற்கவில்லை. பாடப்பட்டவனுடைய செல்வம் போகும், நாடு போகும், உயிரே போகும் என்றார்கள். இந்த நம்பிக்கையை வெறும் அச்சமாக வைத்திருக்காமல், விரல் விட்டு எண்ணிப் பார்க்கக்கூடிய விதிகளாகக் கட்டிவைத்தார்கள். அந்த இலக்கணப் பிரிவுக்குப் பாட்டியல் என்று பெயர். கல்யாணத்துக்குப் பத்துப் பொருத்தம் பார்ப்பதுபோலப் பாட்டுக்கும் பத்துப் பொருத்தம் உண்டு. ஒரு பக்கம் பாட்டுடைத்தலைவனின் பெயர், இன்னொரு பக்கம் முதற்சொல். இரண்டும் ஒத்துப்போக வேண்டும்.

சொல்லால் உலகத்தை மாற்றும் புலவர் கூட்டம் என்றால் கற்பனைக் கதைபோலத் தோன்றும். தமிழில் அதற்கு இலக்கண நூலே இருக்கிறது. அந்த நூல் எப்படி வேலை செய்கிறது என்பதைத்தான் இங்கே படிப்படியாகப் பார்க்கப்போகிறோம். முதலில் அடிப்படை நம்பிக்கை. பிறகு ஒரு பெயரை எடுத்து வைத்துக்கொண்டு கணக்கு.

நிறைமொழி: சொன்னது நடக்கும்

தொல்காப்பியச் செய்யுளியல் மந்திரத்துக்கு இலக்கணம் சொல்கிறது:

நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த
மறைமொழி தானே மந்திரம் என்ப

இதில் மூன்று உறுப்புகள் இருக்கின்றன. சொல்பவர் நிறைமொழி மாந்தராக, அதாவது சொன்ன சொல் பொய்க்காதவராக இருக்க வேண்டும். அவர் அதை வேண்டுகோளாகச் சொல்லாமல் ஆணையாகச் சொல்ல வேண்டும். சொன்னது மறைமொழியாக இருக்க வேண்டும். குறளும் இதே சொற்களை எடுத்தாள்கிறது. நிறைமொழி மாந்தரின் பெருமையை அவர்களுடைய மறைமொழியே காட்டிவிடும் என்கிறது 28ஆம் குறள்.

இந்த நூற்பாவுக்கு உரை எழுதியவர்கள் எடுத்துக்காட்டாகக் காட்டும் வெண்பாக்கள் இரண்டு. நக்கீரர் பாடியவை என்று சொல்லப்படுபவை. வடமொழி நன்று, தமிழ் தீது என்று சொன்ன குயவன் ஒருவனை ஒரு வெண்பா சாகடிக்கிறது. இன்னொரு வெண்பா அவனை எழுப்புகிறது. கதையை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். பாட்டுகளின் கட்டுமானத்தைக் கொஞ்சம் நெருங்கிப் பாருங்கள். முதற்பாட்டு பொதியில் முனிவரான அகத்தியரை வாழ்த்துகிறது, பரணரையும் கபிலரையும் வாழ்த்துகிறது. பிறகுதான் குயவனைப் பெயர் சொல்லிச் சுட்டுகிறது. கடைசி அடி இது: “ஆனந்தம் சேர்க சுவா.” இரண்டாவது பாட்டில் அவன் செய்த தவறு முதலில் வருகிறது, அடுத்து அகத்தியனார் ஆணை, கடைசியில் “செந்தமிழே தீர்க்க சுவா.”

ஆக, உறுப்புகள் ஐந்து: யாருடைய பலத்தில் சொல்கிறோம், யாரைப் பற்றி, எதனால், என்ன நடக்க வேண்டும், முத்திரை. ‘சுவா’ என்பது வேள்வியில் அவிசு சொரியும்போது சொல்லும் முடிப்புச் சொல், அதுதான் முத்திரை. ‘ஆனந்தம்’ என்ற சொல்லை மகிழ்ச்சி என்று படித்தால் பாட்டே புரியாமல் போகும். இங்கே அதற்குச் சாவு என்று பொருள். கணவன் இறந்தபின் மனைவி வருந்துவதைச் சொல்லும் புறத்துறைக்கு ஆனந்தப்பையுள் என்று பெயர் வந்ததும் இந்தப் பொருளில்தான். புறநானூற்றில் பெருங்கோப்பெண்டு தீப்பாயும்முன் பாடும் 246ஆம் பாட்டுக்கு இதுதான் துறை. இந்தப் பொருளை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் மறுபடியும் வரும்.

வினைமுற்றையும் கவனியுங்கள். ‘சேர்க’, ‘தீர்க்க’. இவை வியங்கோள். வாழ்த்துவதற்கும் வைவதற்கும் தமிழில் ஒரே வினை வடிவம்தான்: வாழ்க, வீழ்க. பகுதியை மாற்றினால் போதும், வாழ்த்து வசையாகிவிடும். திருமலைராயன் ஊர் மண்மாரியால் மூடும்படி காளமேகப் புலவர் பாடியதாகச் சொல்லப்படும் வெண்பாவும் இப்படித்தான் முடிகிறது: “மண்மாரி பெய்கஇந்த வான்.” முந்தின அடிகளில் ‘நாளையே’ என்று கெடு வைக்கிறார். கடைசியில் ‘இந்த வான்’ என்று இடத்தைச் சுட்டுகிறார். காலம், இடம், செயல் மூன்றும் அதில் அடங்கிவிடுகின்றன. இப்படிக் கேடு விளையப் பாடுவதைத்தான் அறம் பாடுதல் என்பார்கள்.

அறம் பாடுவது வேண்டுமென்றே செய்வது. பாட்டியல் கவலைப்படுவது வேறொன்றைப் பற்றி: வாழ்த்த நினைத்த புலவர் தெரியாமல் கேடு விளைத்துவிட்டால்? சொல்லுக்கு வலிமை உண்டு என்று ஒப்புக்கொண்டால், அந்த வலிமை கவனக்குறைவாலும் பாயும் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். பத்துப் பொருத்தமும் புலவர் தன் கையைத் தானே கட்டிக்கொள்ள வகுத்த காப்பு விதிகள்.

எந்த நூல்

தொடங்குபவர்கள் வெண்பாப் பாட்டியலில் தொடங்குவது நல்லது. நேமிநாதம் எழுதிய சமணப் புலவர் குணவீர பண்டிதர் இயற்றியது. தம் ஆசிரியர் வச்சணந்தி முனிவர் பெயரால் இதை வச்சணந்திமாலை என்றும் அழைப்பார்கள். மூன்றாம் குலோத்துங்க சோழன் காலம், அதாவது 1178 முதல் 1218 வரை அவன் ஆண்ட காலம். முதன்மொழியியல், செய்யுளியல், பொதுவியல் என்று மூன்றே பகுதிகள். முதற்பகுதி முழுவதும் நம்முடைய விஷயம்தான். பன்னிரு பாட்டியல், நவநீதப் பாட்டியல், சிதம்பரப் பாட்டியல், இலக்கண விளக்கப் பாட்டியல் என்று மற்ற நூல்களும் இருக்கின்றன. எழுத்து அட்டவணைகளில் நூலுக்கு நூல் சில எழுத்துகள் இடம் மாறும். அதனால் ஒரே கணக்கில் இரண்டு நூல்களைக் கலக்கக் கூடாது.

பத்துப் பொருத்தங்களின் பெயர்கள்: மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம்.

ஒரு பெயரை வைத்துப் பார்ப்போம்

குலசேகரன் என்ற பெயருள்ள ஓர் அரசனைப் பாடப்போவதாக வைத்துக்கொள்ளுங்கள். பெயரின் முதலெழுத்து ‘கு’. இந்த ஓர் எழுத்தைப் பிடித்துக்கொண்டுதான் பாதிக் கணக்கு நடக்கும்.

முதலில் மங்கலம். எந்தச் சொல்லையும் எடுத்து முதலில் வைத்துவிட முடியாது. நூல்கள் ஒரு பட்டியல் தருகின்றன: சீர், எழுத்து, பொன், பூ, திரு, திங்கள், மணி, நீர், கங்கை, வாரணம், குஞ்சரம், உலகு, பார், தேர் முதலியன. ஒளி, வளம், நிலைபேறு, பெருமை இவற்றைச் சுட்டும் சொற்கள். கம்பர் ‘உலகம் யாவையும்’ என்று தொடங்குகிறார், சேக்கிழார் ‘உலகெலாம்’ என்று, திருமுருகாற்றுப்படை ‘உலகம் உவப்ப’ என்று. சிலப்பதிகாரம் ‘திங்களை’ எடுக்கிறது, நன்னூல் ‘பூமலி’ என்று தொடங்குகிறது. சீவக சிந்தாமணியில் ‘மூவா முதலா உலகம்’ என்று மங்கலச் சொல் மூன்றாவதாகத்தான் வந்து நிற்கிறது. இவற்றில் சில நூல்கள் பாட்டியல்களுக்கு முந்தியவை. வழக்கம் முதலில் இருந்தது, பட்டியல் பிறகு எழுதப்பட்டது என்பது இதிலிருந்து தெளிவாகத் தெரிகிறது.

நம்மிடம் இப்போது பதினான்கு சொற்கள் இருக்கின்றன. இவற்றில் பெரும்பாலானவற்றை அடுத்த இரண்டு பொருத்தங்களே தள்ளிவிடும்.

தானப் பொருத்தம் உயிரெழுத்துகளை ஐந்து இணைகளாகப் பிரிக்கிறது: அ ஆ, இ ஈ ஐ, உ ஊ ஔ, எ ஏ, ஒ ஓ. ஐகாரம் இகரத்தோடும் ஔகாரம் உகரத்தோடும் சேரும் என்பதை மறக்கக் கூடாது. தலைவன் பெயரின் முதலெழுத்தில் எந்த உயிர் இருக்கிறதோ அந்த இணையிலிருந்து எண்ணத் தொடங்க வேண்டும். முதல் இணை பாலன், இரண்டாவது குமரன், மூன்றாவது அரசன், நான்காவது மூப்பு, ஐந்தாவது மரணம். முதல் மூன்றும் ஆகும், பின்னிரண்டும் ஆகா. ஒரு மனிதனின் ஆயுளையே ஐந்து உயிரெழுத்துகளில் சுருட்டி வைத்திருக்கிறார்கள். பத்தில் மிக அழகான பொருத்தம் இதுதான்.

‘கு’வில் இருப்பது உகரம். ஆகவே உ ஊ பாலன், எ ஏ குமரன், ஒ ஓ அரசன். சுற்றி வந்தால் அ ஆ மூப்பு, இ ஈ மரணம். இப்போது பட்டியலைப் பாருங்கள். சீர், திரு, திங்கள், நீர் நான்கும் மரணத்தில் விழுகின்றன. ‘திரு’ எவ்வளவு மங்கலமான சொல்! இருந்தும் இந்தப் பெயருக்கு அது கூற்றுவன். மணி, கங்கை, வாரணம், பார் நான்கும் மூப்பில் விழுகின்றன. மிச்சம் ஆறு: எழுத்து, பொன், பூ, குஞ்சரம், உலகு, தேர்.

சொல் தனியாக நல்லதோ கெட்டதோ கிடையாது, யார் பெயருக்கு முன் நிற்கிறது என்பதைப் பொறுத்தது. பாட்டியலின் மையம் இதுதான். புதிதாகப் படிப்பவர்கள் பெரும்பாலும் இங்கேதான் தடுமாறுகிறார்கள். மங்கலச் சொல் பட்டியலைப் பார்த்ததும் வேலை முடிந்தது என்று நினைத்துவிடுகிறார்கள்.

அடுத்து நாட்பொருத்தம். ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு நட்சத்திரம் உண்டு. நமக்கு வேண்டியவை மட்டும்: கு கூ திருவாதிரை, உ ஊ எ ஏ ஐ பூராடம், பு பூ அத்தம், பெ பே பை பொ போ பௌ சித்திரை, தி முதல் தை வரை விசாகம், ச சா சி சீ ரேவதி, க கா கி கீ திருவோணம். தலைவன் பெயருக்குரிய நாளை ஒன்று என்று வைத்துக்கொண்டு முதற்சொல்லின் நாள் வரை எண்ண வேண்டும். எண்ணிக்கை ஒன்பதைத் தாண்டினால் ஒன்பது ஒன்பதாகக் கழித்துக்கொள்ளலாம். 1, 3, 5, 7 ஆகா. 2, 4, 6, 8, 9 ஆகும்.

திருவாதிரையிலிருந்து எண்ணுவோம். பூ அத்தம்: எட்டாவது, ஆகும். பொன் சித்திரை: ஒன்பதாவது, ஆகும். தேர் விசாகம்: பதினொன்றாவது, ஒன்பது கழித்தால் 2, ஆகும். உலகும் எழுத்தும் பூராடம்: பதினைந்தாவது, மீதி 6, ஆகும். குஞ்சரம்? அதுவும் ‘கு’, அதுவும் திருவாதிரை. எண் 1. தலைவன் பெயரின் எழுத்திலேயே தொடங்கினால் இன்னும் பொருத்தமாக இருக்கும் என்று தோன்றுவது இயல்பு. நாட்பொருத்தம் அதைத் தள்ளிவிடுகிறது.

இதில் ஒளிந்திருக்கும் பொறிகள் இரண்டு. ஒன்று 88ஆம் கால். ஒரு நட்சத்திரத்துக்கு நான்கு கால். முதற்காலிலிருந்து எண்ணினால் 88ஆவது கால் 22ஆவது நட்சத்திரத்தின் கடைசியில் வரும். அது விலக்கு. திருவாதிரைக்கு 22ஆவது ரேவதி. ‘சீர்’ ரேவதி எழுத்து. 22இல் இரண்டு ஒன்பதைக் கழித்தால் மீதி 4, நல்ல எண். கணக்கை அங்கேயே நிறுத்தினால் ஏமாந்துபோவோம். இன்னொன்று எட்டாம் இராசி. திருவாதிரை மிதுனம், அதற்கு எட்டாவது மகரம். திருவோணம் மகரத்தில் இருப்பதால் ‘கங்கை’ மீதி 8 காட்டினாலும் ஆகாது. இவை இரண்டும் ஏற்கெனவே தானத்தில் அடிபட்ட சொற்கள்தான். ஒரு பொருத்தத்தில் தப்பினது இன்னொன்றில் மாட்டும் விதத்தைப் பார்ப்பதற்காகச் சொன்னேன்.

ஐந்து சொற்கள் மிஞ்சியிருக்கின்றன: எழுத்து, பொன், பூ, உலகு, தேர்.

பால் பொருத்தம் சுருக்கமானது. குறில் ஆண், நெடில் பெண், ஒற்றும் ஆய்தமும் பேடு. அரசனைப் பாடுவதால் குறிலில் தொடங்குவது நேர் பொருத்தம். பூ, தேர் இரண்டும் நெடில், இந்த இடத்தில் பின்தங்குகின்றன. பெண்ணரசியைப் பாடுவதாக இருந்தால் இவை முன்னுக்கு வந்திருக்கும்.

எழுத்துப் பொருத்தம் எண்ணிக்கை பார்ப்பது. முதற்சொல்லில் 3, 5, 7, 9 எழுத்துகள் நல்லவை. 4, 6, 8 ஆகா. ‘எழுத்து’ என்ற சொல்லில் நான்கு எழுத்து, தள்ளுபடி. ‘உலகு’ மூன்று, நிற்கிறது. ‘பொன்’ தனியாக நின்றால் இரண்டுதான், ஏதாவது ஒட்ட வேண்டும். ‘பொன்மலி’ என்றால் நான்கு, கூடாது. ‘பொன்னவிர்’ என்றால் ஐந்து. ஒற்றுகளை விட்டுவிட்டு எண்ணினாலும் மூன்று, ஒற்றைப்படைதான்.

ஒட்டும்போது சொற்பொருத்தத்தையும் பார்த்துக்கொள்ள வேண்டும். முதற்சொல் பல பொருள் தந்து மயக்கக் கூடாது, பொருளில்லாமல் நிற்கக் கூடாது, ஈறு திரிந்து சிதையக் கூடாது, சீருக்காக நடுவில் வெட்டப்படவும் கூடாது. கடைசியாகச் சொன்னதற்கு வகையுளி என்று பெயர். ‘பொன்’ என்றால் தங்கம், இரும்பு, வியாழன், திருமகள் என்று எத்தனையோ பொருள். ‘அவிர்’ என்று ஒளியைச் சேர்த்ததும் தங்கம் என்ற பொருள் உறுதியாகிவிடுகிறது. ‘பொன்னி’ என்று மூன்றெழுத்தாக்கியும் எண்ணிக்கையைச் சரிக்கட்டலாம். ஆனால் அது காவிரியின் பெயர், பட்டியலில் இருக்கும் சொல்லே கைநழுவிப்போகும்.

உண்டிப் பொருத்தத்தில் எழுத்துகள் அமுதம், நஞ்சு என்று பிரியும். அமுத எழுத்துகள் பதினொன்று: க ச த ந ப ம வ என்ற மெய்கள் ஏழு, அ இ உ எ என்ற குறில்கள் நான்கு. யா, யோ, ரா, ரோ, லா, லோ, ளா, ளோ போன்றவையும் ஆய்தமும் அளபெடையும் நச்செழுத்தில் சேரும். முதற்சொல்லோடு இந்தப் பொருத்தம் முடிந்துவிடுவதில்லை. தலைவனுடைய பெயர் வரும் இடத்தின் அருகிலும், மலை, ஆறு, நாடு, ஊர், மாலை, குதிரை, யானை, கொடி, முரசு, ஆணை என்ற தசாங்கத்தின் அருகிலும் நச்செழுத்து ஒட்டாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். நூல் முழுவதும் கண் வைக்க வேண்டியிருப்பதால் உழைப்பு அதிகம் கேட்கும் பொருத்தம் இது. நம்முடைய உகரமும் பகரமும் அமுதம்தான்.

கதிப் பொருத்தத்தில் எழுத்துகள் தேவர், மக்கள், விலங்கு, நரகர் என்று நான்கு கதிகளில் அடங்கும். முதலிரண்டும் கொள்ளத்தக்கவை. வல்லெழுத்துகளில் க ச ட த ப ஐந்தும், அ இ உ எ நான்கும் தேவகதி. கணப் பொருத்தம் முதற்சீரின் அசை அமைப்பைப் பார்ப்பது. எட்டுக் கணங்களில் நிலம், நீர், மதி, இயமானன் நான்கும் நல்லவை, தீ, காற்று, வானம், ஞாயிறு நான்கும் ஆகா. இதற்கு முதலில் சீர் பிரிக்கத் தெரிய வேண்டும். யாப்பு தெரியாதவர்கள் இதைக் கடைசியில் கற்றுக்கொண்டால் போதும்.

வருணப் பொருத்தம் பற்றி

உயிர் பன்னிரண்டும் க ங ச ஞ ட ண ஆறும் அந்தணருக்கு, த ந ப ம ய ர அரசருக்கு, ல வ ற ன வணிகருக்கு, ழ ள வேளாளருக்கு என்று எழுத்துகளையே பங்கு போட்டிருக்கிறார்கள். நம் அரசனுக்குப் பகரம் நேராகப் பொருந்துகிறது, உகரம் பொருந்தவில்லை. ஆக, கடைசிவரை நின்றது ‘பொன்னவிர்’.

இந்தப் பங்கீட்டை எந்த மழுப்பலும் இல்லாமல் படிக்க வேண்டும். உயிரெழுத்துகள் அத்தனையும் ஒரு வருணத்துக்கு, கடைக்கோடியில் இரண்டே எழுத்து இன்னொரு வருணத்துக்கு. தமிழுக்கே சிறப்பான ழகரம் அந்தக் கடைசியில். பலவகைப் பாக்கள் கலந்துவரும் சிற்றிலக்கியமான கலம்பகத்துக்கு எத்தனை பாட்டு என்ற கணக்கும் இதே தராசில்தான்: தேவருக்கு 100, அந்தணருக்கு 95, அரசருக்கு 90, அமைச்சருக்கு 70, வணிகருக்கு 50, வேளாளருக்கு 30. சொல்லுக்கு உலகை ஆக்கும் வலிமை உண்டோ இல்லையோ, ஆளுக்கு ஆள் அளவு வைக்கும் வலிமை இருந்தது என்பதை இந்த எண்கள் காட்டுகின்றன. பாட்டியலைப் படிக்க வேண்டும், இந்தப் பகுதியைக் கொண்டாடக் கூடாது.

பிசகினால் என்ன ஆகும் என்றார்கள்

‘ஆனந்தம்’ மறுபடியும் வரும் என்று சொன்னேனே, அது இங்கே. தலைவனுடைய பெயரை ஒட்டிக் கேடான சொல் வந்து நின்றால் அதற்கு ஆனந்தக் குற்றம் என்று பெயர். பத்துப்பாட்டில் ஒன்றான மலைபடுகடாம் நன்னன் என்ற சிற்றரசனைப் பாடுவது. அதில் “தீயின் அன்ன ஒண்செங் காந்தள்” என்று ஓர் அடி. காந்தள் பூ தீயைப்போலச் சிவந்திருக்கிறது, அவ்வளவுதான் பொருள். சேர்த்து வாய்விட்டுப் படித்துப் பாருங்கள்: தீயினன்ன. ‘தீ’க்குப் பக்கத்தில் ‘நன்ன’ என்ற ஒலி காதில் விழும். இதனால் பாடியவரும் பாடப்பட்டவரும் இறந்தார்கள் என்று பிற்காலத்து ஆசிரியர் ஒருவர் குற்றம் சொன்னார்.

உரையாசிரியர் நச்சினார்க்கினியர் இதை ஏற்கவில்லை. அகத்தியனாரும் தொல்காப்பியனாரும் இப்படி ஒரு குற்றத்தைச் சொல்லவில்லை, பின்னால் வந்தவர்கள் வகுத்த விதியை வைத்து முன்னால் இருந்த சான்றோர் செய்யுளை அளக்கக் கூடாது என்று மறுத்தார். பாட்டியல் படிக்கிறவர்கள் இந்த மறுப்பையும் சேர்த்தே படிக்க வேண்டும். சொல் கொல்லும் என்ற நம்பிக்கை பரவியிருந்த காலத்திலேயே, அதற்குச் சான்று எங்கே என்று கேட்ட உரையாசிரியரும் இருந்தார்.

நந்திக்கலம்பகக் கதை இன்னும் பெரிதாகப் பரவியது. தெள்ளாற்றுப் போரில் வென்ற மூன்றாம் நந்திவர்மன் 9ஆம் நூற்றாண்டுப் பல்லவன். அவன் மேல் அறம் வைத்து ஒரு கலம்பகம் பாடப்பட்டது. அதைக் கேட்டால் உயிர் போகும் என்று தெரிந்தும் தமிழின் சுவைக்காகப் பந்தல்களில் ஒவ்வொன்றாக உட்கார்ந்து கேட்டு, நூறாவது பாட்டைச் சிதையின் மேல் இருந்து கேட்டு இறந்தான் என்பது கதை. இது செவிவழிக் கதை, வரலாறாக எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் பாட்டியல் ஏன் இத்தனை நுணுக்கமாக எழுதப்பட்டது என்பதை இந்தக் கதையைவிடத் தெளிவாக வேறெதுவும் விளக்காது. பாட்டைக் கேட்பவன் தன் உயிரைப் புலவர் கையில் கொடுத்துவிட்டுத்தான் உட்காருகிறான்.

பாடப்படுபவர் குழந்தையாக இருந்தால் எச்சரிக்கை இன்னும் கூடும். பிள்ளைத்தமிழில் முதற்பருவம் காப்பு. குழந்தையைக் காக்கும்படி கடவுளரை வேண்டும் அந்தப் பாட்டுகளில் திருமால்தான் முதலில் வர வேண்டும். காத்தல் தொழில் அவருடையது, திருமகளும் அவரோடு இருக்கிறாள். பாட்டுகளின் எண்ணிக்கை 9, 11 என்று ஒற்றைப்படையாக வரும். கடவுளரின் கொலைத்தொழிலைச் சொல்வதை விலக்க வேண்டும். சிவபெருமான் திரிபுரம் எரித்தது எவ்வளவு புகழ்பெற்ற செயலாக இருந்தாலும், தொட்டிலுக்குப் பக்கத்தில் கொலைச்சொல் கூடாது.

நீங்களே செய்து பார்க்க

உங்கள் பெயரையோ வீட்டில் ஒரு பிள்ளையின் பெயரையோ எடுத்துக்கொள்ளுங்கள். முதலெழுத்தின் உயிரைக் கண்டுபிடித்து ஐந்து தானங்களையும் வரிசையாக எழுதுங்கள். மங்கலச் சொற்கள் ஒவ்வொன்றையும் அதில் வைத்துப் பார்த்து மூப்பு, மரணத்தில் விழுபவற்றை அடித்துவிடுங்கள். மிஞ்சியவற்றுக்கு மட்டும் நாள் எண்ணுங்கள். பிறகு எழுத்துத்தொகை, பால், உண்டி. இந்த வரிசையில் போனால் அரைமணி நேரத்தில் முடிந்துவிடும். நூலில் இருக்கும் வரிசையில் பத்தையும் பதினான்கு சொற்களுக்கும் போட்டுப் பார்த்தால் பாதியிலேயே சலித்துவிடும்.

பலரும் செய்யும் பிழைகள் சில உண்டு. தானத்தை எப்போதும் அகரத்திலிருந்து எண்ணுவது ஒன்று. தலைவன் பெயரின் உயிரிலிருந்துதான் எண்ண வேண்டும். ‘கை’, ‘தை’ என்று தொடங்கும் பெயர்களை அகரத்தில் சேர்த்துவிடுவது இன்னொன்று. ஐகாரத்தின் இடம் இகரத்தோடு. நாள் எண்ணும்போது தலைவனுடைய நாளை விட்டுவிட்டு அடுத்த நாளை ஒன்று என்று தொடங்குவார்கள். எல்லா எண்ணும் ஒன்று குறைந்து, பெரும்பாலும் நல்லது கெட்டதாகவும் கெட்டது நல்லதாகவும் தலைகீழாகிவிடும். பட்டப்பெயரை வைத்துக் கணக்குப் போடுவதும் உண்டு, இயற்பெயரே கணக்கு.

பத்தும் ஒருசேரப் பொருந்தும் சொல் அரிதாகத்தான் கிடைக்கும். கிடைக்காதபோது தானத்தையும் நாளையும் விட்டுக்கொடுக்காமல், பாலிலும் எழுத்துத்தொகையிலும் கொஞ்சம் இடம் கொடுத்துப் பாருங்கள். எழுத்துத்தொகையை ஓர் அடைமொழியால் சரிசெய்ய முடியும். தானத்தில் மரணம் என்று வந்துவிட்டால் சொல்லையே மாற்றியாக வேண்டும். மாற்றிய பிறகு முழு அடியையும் ஒருமுறை சீர் பிரிக்காமல் சேர்த்து, உரக்கப் படியுங்கள். ‘தீயினன்ன’ போன்றவை கண்ணுக்குத் தெரியாது, காதில்தான் விழும்.